லீனாவின் எட்டாவது பாட்டு

இந்தத் தொடரின் போன வாரப் பகுதியைப் படித்துவிட்டு நான்கைந்து வாசகிகள் ஜெசிந்தாவைத் திட்டி எழுதியிருக்கிறார்கள். "நாத்தனார் நன்றாக இருப்பது பொறுக்கவில்லை இவளுக்கு" என்று ஒருவர் கீழே கோடு போட்டே எழுதியிருக்கிறார்.

பொறுக்கவில்லைதான். இதில் மறைக்க என்ன இருக்கிறது?

புதிதாக வந்து சேர்ந்தவர்களுக்காக நாலு வார்த்தை சொல்லிவிடுகிறேன். பிரேசர் டவுனில் ஒரு மாடி வீடு. கீழே குடித்தனம், மாடியில் சிரிலின் ரெக்கார்டிங் அறை. சிரிலுக்குப் பாட்டுகளுக்கு இசை கோத்துக் கொடுக்கிற தொழில். அவன் தங்கை லீனா குத்துப்பாட்டுப் பாடகி. தமிழ், கன்னடம் இரண்டிலும் கொடி கட்டிப் பறக்கிறவள். பெங்களூரில் அவள் பாட்டுக்கு ஆடாத கல்யாண வீடு கிடையாது. சிரிலின் மனைவி ஜெசிந்தா. சர்ச் கொயரில் முதல் வரிசை. வீட்டிலோ லீனாவுக்கு கைடு பாடுகிறவள்.

கைடு என்றால் இதுதான். லீனாவுக்கு நோட்டேஷன் படிக்க வராது. அதனால் எந்தப் பாட்டையும் முதலில் ஜெசிந்தா பாடி வைப்பாள். லீனா அதை ஹெட்போனில் கேட்டுக் கேட்டுப் பாடுவாள். அவள் பாடி முடித்ததும் ஜெசிந்தாவின் குரலை அணைத்துவிடுவார்கள். பதினேழு வருடமாக இதுதான் ஏற்பாடு. ஒருத்தி சமைத்து வைக்க, இன்னொருத்தி பரிமாறி நல்ல பேர் வாங்குகிற கதை.

இப்போது லீனாவின் ஆல்பம் வரப் போகிறது. மொத்தம் பத்துப் பாட்டு. ஆறு அவளுடைய பழைய ஹிட்டுகள், புதுத் தாளம் போட்டு. நான்கு வேறு பாடகிகள் பாடியவை, லீனாவின் பாணியில். ஒன்பது முடிந்துவிட்டது. எட்டாவது மட்டும் பாக்கி. இன்று புதன்கிழமை. சாயங்காலம் ஆறு மணிக்குள் ஆடியோ கம்பெனிக்கு அனுப்பியாக வேண்டும். வெள்ளிக்கிழமை மேடையில் வெளியீட்டு விழா.

அந்த எட்டாவது பாட்டுதான் லீனாவை லீனா ஆக்கியது. பதினாறு வருடத்துக்கு முன்னால் ஒரு படத்துக்காகப் பாடியது. அதில் சரணம் முடிந்ததும் தாளம் சட்டென்று நின்றுவிடும். வார்த்தையே இல்லாமல் ஒரு 'ஏ...' மட்டும் கிளம்பும். மேலே மேலே போய், உச்சியில் கொஞ்சம் நின்று, நிதானமாக இறங்கி வரும். ஜனங்கள் அதற்குப் பேரே வைத்துவிட்டார்கள், 'லீனா இழுப்பு' என்று.

"இழுப்பு வந்தா டாக்டர்கிட்ட காட்டணும்" என்று ஜெசிந்தா ஒரு முறை சமையலறையில் முணுமுணுத்ததை நான் மட்டும் கேட்டேன்.

பதினாறு வருடத்தில் அந்தப் பாட்டை அவள் ஒரு தடவைகூட முழுசாகக் கேட்டதில்லை. டி.வி.யில் வந்தால் சேனல் மாறிவிடும். கல்யாண வீட்டில் போட்டால் சாப்பிடாமலே கை கழுவப் போவாள். கைடு பாடியது அவள். மேலே எங்கே நிற்க வேண்டும், எப்படி இறங்க வேண்டும் என்று சொல்லிக் கொடுத்தது அவள். கைதட்டல் மட்டும் வேறு பக்கம் போகிறது. எந்த வயிறுதான் எரியாது?

*

காலை எட்டு மணிக்கு சிரில் மைக்கையும் ஒயர்களையும் பையில் திணித்துக்கொண்டு கிளம்பினான். ஊருக்கு வெளியே ஹெப்பகோடியில் பம்பை மேளம் அடிக்கிற செட்டு ஒன்று இருக்கிறது. எல்லாரும் பக்கத்து ஃபேக்டரிகளில் ஷிப்ட் பார்க்கிற தர்மபுரிக்காரர்கள். புது எட்டாவது பாட்டுக்கு அவர்கள் அடியை அங்கேயே போய்ப் பதிவு செய்துகொண்டு வர வேண்டும்.

"ரெண்டு மணிக்கு லீனா பாட வந்துருவா. நான் அதுக்குள்ள வந்துர்றேன். நீ ஒரு எட்டு சிவாஜிநகர் போய் விழா மேடைக்கான லீனா கட்-அவுட்ட வாங்கிட்டு வந்துடு ஜெசி."

"அவ கட்-அவுட்ட அவ போய் வாங்கிக்க மாட்டாளா?"

"குரலுக்கு ரெஸ்ட் குடுக்கறா. வெளிய ஒரே தூசி."

"எனக்கு மட்டும் தூசி ஒண்ணும் பண்ணாதா? ஞாயித்துக்கிழமை கொயர்ல நானும்தான் பாடணும்."

சிரில் செருப்பை மாட்டிக்கொண்டு கேட்டைத் திறந்தான். பதினெட்டு வருடம் குடித்தனம் நடத்தியவனுக்கு எந்தக் கேள்விக்குப் பதில் சொல்லக் கூடாது என்று தெரியும்.

சிவாஜிநகரில் பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் இருந்தது அந்த ஃப்ளெக்ஸ் கடை. கட்-அவுட் தயாராக இருந்தது. ஆளுயரம். ஒரு கை இடுப்பில், ஒரு கை வானத்தில், முப்பத்திரண்டு பல்லும் தெரிய லீனா. ஆட்டோவில் படுக்க வைத்துப் பார்த்தார்கள், நிற்க வைத்துப் பார்த்தார்கள். கடைசியில் சாய்த்து வைத்ததில் லீனாவின் தலை மட்டும் ஆட்டோவுக்கு வெளியே நீட்டிக்கொண்டு, வழியில் போகிறவர்களை எல்லாம் பார்த்துச் சிரித்தபடி வந்தது. ஜெசிந்தா அதன் இடுப்பைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

"அக்கா, இது லீனா மேடம்தானே?" என்றான் ஆட்டோக்காரன், கண்ணாடியில் பார்த்து.

"ஆமா."

"நம்ம பெங்களூரு பொண்ணு! நீங்க அவங்களுக்கு என்ன ஆகணும்?"

"அண்ணி."

"ஹௌதா, அப்படியா! அப்ப நீங்களும் பாடுவீங்களா?"

"சர்ச்சுல பாடுறேன்."

"ஓ. அது வேற," என்றான் அவன், அன்பாகத்தான்.

அதோடு விட்டிருக்கலாம். அண்ணிக்கு மரியாதை செய்கிற நினைப்பில் செல்போனைத் தட்டி எட்டாவது பாட்டையே போட்டுவிட்டான். ஸ்பீக்கர் வேறு பின் சீட்டுக்குப் பின்னால். பல்லவி போனது, சரணம் போனது. இழுப்பு வரப் போகிறது என்று தெரிந்ததும் ஜெசிந்தாவுக்கு உட்கார முடியவில்லை.

"பாட்ட நிறுத்துங்க."

"இப்பதான் அக்கா அந்த இடம் வருது!"

"அப்ப வண்டிய நிறுத்துங்க."

கோல்ஸ் ரோடு முனையிலேயே இறங்கிவிட்டாள். மிச்சம் அரை கிலோமீட்டர். பத்தரை மணி வெயில். இரண்டு கல்லூரிப் பெண்கள் ஓடி வந்து கட்-அவுட்டோடு செல்ஃபி எடுத்துக்கொண்டார்கள். "ஆன்ட்டி, நீங்க கொஞ்சம் தள்ளி நிக்கறீங்களா?" என்று ஒருத்தி கேட்டாள். ஆன்ட்டி தள்ளி நின்றாள். நாத்தனாரைத் தலையில் தூக்கி வைத்துக்கொண்டு ஆடவில்லை என்று அண்ணிமார்களைக் குறை சொல்கிற வாசகிகள் கவனிக்கவும். ஜெசிந்தா அன்றைக்குக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு வீடு வரை நடந்தாள்.

வந்ததும் முதல் வேலையாக அதை மாடி அறையின் மூலையில், முகம் சுவரைப் பார்க்கும்படி நிறுத்தினாள். அப்புறம்தான் தண்ணீர் குடித்தாள்.

*

பதினொன்றரைக்கு போன். லீனாதான்.

"அண்ணி, அண்ணா போன எடுக்கவே மாட்டேங்கறாரு."

"ரெக்கார்டிங்ல இருப்பாரு. என்ன விஷயம்?"

"பழைய பாட்டுல அந்த இழுப்பு மட்டும் வேணும். மியூசிக் இல்லாம, என் குரல் மட்டும் தனியா. கேட்டுப் பழகிக்கலாம்னு பார்க்கறேன். காலையில இருந்து டிரை பண்றேன், வரவே மாட்டேங்குது."

"உன் குரல்தானே லீனா. உனக்கே வரலையா?" ஜெசிந்தா தேனாகக் கேட்டாள்.

"கிண்டல் பண்ணாதீங்க அண்ணி. பழைய ஹார்ட் டிஸ்க் அண்ணா மேஜையோட கடைசி டிராயர்ல இருக்கும். கொஞ்சம் எடுத்து அனுப்புங்க, ப்ளீஸ்."

இத்தனை வருடம் அந்த அறையில் கிடந்தவளுக்கு கம்ப்யூட்டர் வேலை பழக்கம்தான். ஹார்ட் டிஸ்க் டிராயரில் பழைய துணிக்கு அடியில் இருந்தது. மாட்டினாள். எட்டாவது பாட்டைத் திறந்தாள். கடைசியாக மாற்றிய தேதி, பதினாறு வருடத்துக்கு முந்தையது, பாட்டைப் படக் கம்பெனிக்குக் கொடுத்த நாள். அதற்கப்புறம் யாரும் தொடவில்லை.

திரையில் இழுப்பு வரும் இடத்தில் குரல் பதிந்த டிராக்குகள் ஆறு வரிசை இருந்தது. லீனா 1, லீனா 2 என்று ஐந்து வரை. ஐந்துமே அணைக்கப்பட்டு மங்கலாகக் கிடந்தன. ஆறாவது வரிசை மட்டும் பளிச்சென்று எரிந்தது. அதன் பேர் 'கைடு - ஜெசி'.

'இவர் ஒருத்தர், எதை அணைக்கணும்னே தெரியாது' என்று நினைத்தாள். அவள் கை தானாகவே போய் ஆறாவதை அணைத்தது. பதினேழு வருடப் பழக்கம் அது. அணைத்துவிட்டுப் பாட்டை ஓடவிட்டாள்.

சரணம் முடிந்தது. தாளம் நின்றது. அப்புறம் ஒன்றுமே வரவில்லை. 'லீனா இழுப்பு' இருக்க வேண்டிய இடத்தில் வெறும் மௌனம். எட்டு விநாடி கழித்துத் தாளம் மறுபடி ஆரம்பித்தது.

ஜெசிந்தா ஆறாவதைத் திரும்ப எரியவிட்டாள். ஓடவிட்டாள்.

'ஏ...'

ஊரெல்லாம் கேட்ட அந்த இழுப்பு, அதே எதிரொலியோடு. அவள் எதிரொலியை எடுத்துவிட்டாள். மற்ற வாத்தியம் எல்லாவற்றையும் நிறுத்தினாள். குரல் மட்டும் மிஞ்சியது. மேலே போனது, நின்றது, இறங்கியது. அவள் நிறுத்தாமல் விட்டதால், பாட்டில் வெட்டப்பட்டிருந்த கடைசித் துண்டும் ஓடியது. அதில் ஒரு மூச்சு, ஒரு சின்ன இருமல். பிறகு ஒரு பெண் பேசினாள்:

"ஏங்க, போதுமா? பாப்பா எழுந்துட்டா. பால் காய்ச்சணும்."

அந்தப் பாப்பா இப்போது மைசூரில் ஹாஸ்டலில் இருந்து படிக்கிறாள். பால் காய்ச்சப் போனவள் ஹெட்போனோடு இங்கே உட்கார்ந்திருக்கிறாள்.

இன்னொரு முறை போட்டாள். இன்னொரு முறை. எத்தனை தடவை என்று எண்ணவில்லை. பதினாறு வருடம் கேட்காமல் விட்டதை எல்லாம் சேர்த்துக் கேட்டாள்.

"நல்லாத்தானே பாடியிருக்கேன்," என்று வாய்விட்டே சொன்னாள்.

கொஞ்ச நேரம் சந்தோஷமாக இருந்தது. அப்புறம்தான் மற்றது உறைத்தது. சேனல் மாற்றினது, கை கழுவப் போனது, இன்றைக்கு நடு ரோட்டில் இறங்கி நடந்தது, இதெல்லாம் யார் மேல் பட்ட பொறாமை? கைதட்டினவர்கள் எல்லாம் அவளுக்குத்தான் தட்டியிருக்கிறார்கள். அவள்தான் காதைப் பொத்திக்கொண்டிருந்திருக்கிறாள். அவளுக்கு அழுகையும் வந்தது, ஆத்திரமும் வந்தது. ஆத்திரம் முந்திக்கொண்டது.

லீனாவுக்கு அவள் எதையும் அனுப்பவில்லை.

*

ஒன்றரை மணிக்கு சிரில் வேர்த்து விறுவிறுத்து வந்தான். "ஹொசூர் ரோட்டுல ஒரு மணி நேரம் ஜாம். ஆனா அடி பிரமாதமா வந்திருக்கு ஜெசி, கேட்டியானா..."

"எட்டாவது பாட்டோட பழைய ஃபைலத் தெறந்தேன்," என்றாள் அவள்.

சிரில் பையைக் கீழே வைத்தான். அவ்வளவு மெதுவாக அவன் எதையும் வைத்து அவள் பார்த்ததில்லை.

"யார் தெறக்கச் சொன்னது?"

"உங்க தங்கச்சிதான். அவ குரல அவளே கேட்டுப் பழகணுமாம்."

அவன் நாற்காலியை இழுத்து உட்கார்ந்தான். "அன்னிக்கு அவளுக்கு நூத்திரண்டு காய்ச்சல் ஜெசி. அஞ்சு டேக் எடுத்தேன். அஞ்சும் மேல போய் உடைஞ்சுடுச்சு. படக் கம்பெனி ஆளு வாசல்ல நிக்கறான். ராத்திரி வண்டிக்கு அவன் சென்னை போகணும். உன் கைடு இருந்துச்சு. கொஞ்சம் எக்கோ போட்டு வச்சுப் பார்த்தேன், அவ குரலோட சேர்ந்துக்கிச்சு. பின்னால மாத்திக்கலாம்னுதான் குடுத்தேன்."

"மாத்தலையே."

"பாட்டு ஓடிடுச்சு."

"அவளுக்குத் தெரியுமா?"

"தெரியாது. காய்ச்சல் மயக்கத்துல அஞ்சுல ஒண்ணு சரியா வந்துடுச்சுன்னு நினைச்சுக்கிட்டிருக்கா."

"முழுப் பூசணிக்காயச் சோத்துல மறைப்பாங்கன்னு சொல்லுவாங்க. நீங்க அதே சோத்த என் பக்கத்துல உக்காந்து பதினாறு வருஷம் சாப்பிட்டிருக்கீங்க. எனக்கு ஏன் சொல்லல?"

"சொல்லியிருந்தா ஊருக்கெல்லாம் சொல்லியிருப்பே."

"சொல்லியிருப்பேன்தான்! என் குரலுங்க அது!"

"அவ அப்பதான் தலையெடுக்கறா. இருபத்திரண்டு வயசு. அப்பா இல்லாத பொண்ணு..."

"அந்தப் பாட்டு வந்தா நான் எழுந்து போறதப் பார்த்திருக்கீங்க. என் வயிறு எரியறதப் பார்த்திருக்கீங்க. என் குரலப் பார்த்து நானே பொறாமைப்பட்டுக்கிட்டு நிக்கறேன், நீங்க இன்னொரு தோசை கேட்டிருக்கீங்க."

சிரில் தரையைப் பார்த்துக்கொண்டே சொன்னான். "நீ ஒரே ஒரு தடவை முழுசா கேட்டிருந்தா உனக்கே தெரிஞ்சிருக்கும் ஜெசி."

அது உண்மை. உண்மையாக இருந்ததால்தான் அவளுக்குக் கோபம் இரண்டு மடங்காக ஏறியது.

கீழே கேட் திறக்கிற சத்தம். லீனா வந்துவிட்டாள். சிரில் எழுந்து ஜெசிந்தாவின் கையைப் பிடித்துக்கொண்டான். "இன்னிக்கு மட்டும் சொல்லாத. வெள்ளிக்கிழமை முடியட்டும். அப்புறம் நானே சொல்லிடறேன்."

"பதினாறு வருஷத்துல வெள்ளிக்கிழமையே வரலையா உங்களுக்கு?"

கையை உருவிக்கொண்டாள். சொல்வதா வேண்டாமா என்ற குழப்பமே அவளுக்கு இல்லை. எப்போது சொன்னால் லீனாவுக்கு நன்றாக வலிக்கும் என்பதுதான் யோசனை.

*

லீனா கழுத்தில் மஃப்ளரும் கையில் சுக்குத் தண்ணீர் ஃப்ளாஸ்க்குமாக மாடியேறி வந்தாள். மூலையில் நின்ற கட்-அவுட்டைப் பார்த்தாள்.

"ஏன் அண்ணி என்னைச் சுவத்தப் பார்த்து நிக்க வச்சிருக்கீங்க?"

"வெயில்பட்டா வெளுத்துடும்," என்றாள் ஜெசிந்தா.

பாட்டு ஆரம்பித்தது. பல்லவியும் சரணமும் லீனாவுக்குத் தண்ணீர் பட்ட பாடு. ஹெப்பகோடிப் பம்பையோடு அவள் குரல் சேர்ந்தபோது, எரிச்சலில் இருந்த ஜெசிந்தாவின் காலே தாளம் போட்டது. ஒத்துக்கொள்ள வேண்டியதுதான், ஆட வைக்கிற குரல் அது. கொயரில் யாருக்கும் அந்தத் துள்ளல் கிடையாது, ஜெசிந்தாவுக்கும் கிடையாது.

ஆனால் இழுப்பு வந்ததும் குரல் உச்சிக்கு ஒரு படி கீழேயே உடைந்தது. இரண்டாவது தடவையும் உடைந்தது. சுக்குத் தண்ணீர் குடித்தாள். பத்து நிமிடம் விட்டுப் பாடினாள். மூன்று, நான்கு, ஐந்து. மணி மூன்றரை ஆகிவிட்டது. லீனா ஹெட்போனைக் கழற்றி வைத்துவிட்டு, கண்ணாடி அறையை விட்டு வெளியே வந்து தரையிலேயே உட்கார்ந்துவிட்டாள்.

"அவளக் கண்டாலே எனக்குப் பத்திக்கிட்டு வருது அண்ணி."

ஜெசிந்தாவுக்குத் தூக்கிவாரிப் போட்டது. "யாரக் கண்டா?"

"இருபத்திரண்டு வயசு லீனாவ. காய்ச்சலோட எவ்வளவு சுலபமா பாடிட்டுப் போயிருக்கா பாருங்க. அவகிட்ட இருந்த குரல நான் எங்கியோ தொலைச்சுட்டேன். எத்தனை டாக்டர பார்த்திருப்பேன், அண்ணாவுக்குக்கூடத் தெரியாது. மேடையில அந்த இடம் வந்தா மைக்க ஜனங்க பக்கம் நீட்டிடுவேன். பின்னால ரெக்கார்டு ஓடும், அவங்களும் சேர்ந்து கத்துவாங்க. இத்தனை வருஷத்துல ஒரு தடவைகூட அத நான் நேர்ல பாடினதில்ல."

மைக்கை அப்படி நீட்டுவதை ஜெசிந்தா டி.வி.யில் பார்த்திருக்கிறாள். என்ன திமிர் என்று நினைத்திருக்கிறாள்.

சிரில் மெஷினை விட்டு நிமிரவே இல்லை. ஜெசிந்தா போய் அவனை விலக்கிவிட்டு, பழைய ஃபைலைத் திறந்தாள்.

"லீனா, அந்த ஹெட்போன மாட்டு."

"ஜெசி, வேணாம்!" என்றான் சிரில்.

இரக்கத்தில் செய்தாளா, பழி வாங்கச் செய்தாளா என்று எனக்குக் கடிதம் போடாதீர்கள். அவளைக் கேட்டாலும் தெரியாது. பட்டனை அழுத்திவிட்டாள்.

லீனா கண்ணை மூடிக்கொண்டு கேட்டாள். உச்சியில் அவள் புருவம் மேலே போனது. குரல் இறங்கி வந்தது. இருமல். 'ஏங்க, போதுமா? பாப்பா எழுந்துட்டா...'

லீனா கண்ணைத் திறந்தாள். அண்ணியைப் பார்த்தாள். அண்ணனைப் பார்த்தாள். மறுபடி போடச் சொல்லிக் கையைக் காட்டினாள். இரண்டாவது தடவையும் கேட்டுவிட்டு ஹெட்போனைக் கழற்றினாள்.

ஜெசிந்தா காத்திருந்தாள். அழட்டும். ஒரு தடவையாவது அழட்டும்.

லீனா சிரித்தாள். முதலில் மெதுவாக, அப்புறம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு. "அப்படின்னா என் குரல் போகல! இல்லாதது எப்படிப் போகும்? பாவி அண்ணா, என்னை டாக்டர் டாக்டரா அலைய விட்டுட்டியே!" என்று ஃப்ளாஸ்க் மூடியால் அவன் தலையில் ஒரு போடு போட்டாள். எழுந்து வந்து ஜெசிந்தாவைக் கட்டிக்கொண்டாள். "தாங்க்ஸ் அண்ணி. பதினாறு வருஷம் பாரம் எறங்கிடுச்சு."

ஜெசிந்தா அந்தப் பிடியிலிருந்து விலகிக்கொண்டாள். எதைச் சொன்னால் இவள் துடித்துப் போவாள் என்று நினைத்தாளோ, அதைக் கேட்டு இவள் குளிர்ந்து போய்விட்டாள். அதிலும் இவளுக்கே லாபமா?

லீனா மஃப்ளரை உருவி எறிந்தாள். "சரி, மணியாகுது. நீங்களே பாடிடுங்க அண்ணி, வழக்கம் போல. அண்ணா, எக்கோ போட்டுச் சேத்துடு."

வழக்கம் போல. அந்த இரண்டு வார்த்தை போதுமானதாக இருந்தது.

"பாடறேன்," என்றாள் ஜெசிந்தா. "வெள்ளிக்கிழமை மேடையிலயும் நான்தான் பாடுவேன். உன் பக்கத்துல நின்னு. அந்த இடம் வந்ததும் நீ மைக்க ஜனங்க பக்கம் நீட்டாத. என் பக்கம் நீட்டு."

லீனாவின் சிரிப்பு முகத்திலேயே இருந்தது, ஆனால் அசையவில்லை.

"ஜெசி, கம்பெனிக்காரங்க இதுக்கெல்லாம்..." என்று ஆரம்பித்தான் சிரில்.

"கம்பெனிய நான் கேக்கல. இவளக் கேக்கறேன்."

லீனா ஃப்ளாஸ்க்கை மூடினாள். மரை சரியாக மாட்டவில்லை, திறந்து மறுபடி மூடினாள். அப்புறம் அண்ணியை ஒரு முறை உச்சந்தலையில் இருந்து கால் வரை பார்த்தாள். இத்தனை வருடத்தில் அவள் ஜெசிந்தாவை அப்படிப் பார்த்ததே இல்லை. பார்க்க வேண்டிய அவசியம் வந்ததில்லை.

"மேடையிலயா," என்றாள். "என்ன டிரஸ் போடுவீங்க அண்ணி?"

"இன்னும் யோசிக்கல. சொல்லு, நீட்டுவியா?"

"மொதல்ல பாடுங்க அண்ணி. டைம் ஆகுது."

ஜெசிந்தா கண்ணாடி அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். சிரில் பம்பையை ஓடவிட்டான். தாளம் நின்றது. நாற்பத்து மூன்று வயதில், மத்தியானம் சாப்பிடாத வயிற்றோடு, ஜெசிந்தா அந்த 'ஏ...'யை எடுத்தாள். கைடு பாடுகிறவள் அடக்கி வாசித்துத்தான் பழக்கம், பின்னால் வருகிறவளுக்கு வழிவிட்டு. இன்று அடக்கவில்லை. பழைய உச்சியைத் தொட்டாள். அங்கே நிற்காமல் இன்னும் ஒரு படி மேலே போய் நின்றாள்.

சிரில் கையெடுத்துக் கும்பிட்டது கண்ணாடி வழியாகத் தெரிந்தது. அவள் பார்த்தது அவனை இல்லை. லீனாவின் முகத்தைத்தான் தேடினாள். லீனா அங்கே இல்லை.

லீனா வெளியே மாடிப்படியில் நின்று, காதில் போனை வைத்துக்கொண்டு, கம்பெனி மேனேஜரிடம் தணிந்த குரலில் பேசிக்கொண்டிருந்தாள்.

"இல்ல சார், குரல் நல்லாத்தான் இருக்கு. ஆனா ஒரு யோசனை. அந்த எட்டாவது பாட்டு... ரொம்பப் பழசாயிடுச்சு சார். அத ஆல்பத்துல இருந்து எடுத்துடலாமா?"